இடந்தந்த இசைஞர் ஹென்றி கோவெல்

சென்னையின் பெயரைத் தாங்கிய மேலைநாட்டுச் சிம்பொனி ஒன்று உண்டு என்பதைத் தமிழ் இசையன்பர்களிலும் பலர் அறியார். 1956 தொடங்கி 1958 வரையான காலத்தில் இயற்றப்பெற்று, 1959ஆம் ஆண்டு சென்னையிலேயே, நியூயார்க்கிலிருந்து வந்த இசைக்குழு ஒன்றினால் அரங்கேற்றப்பெற்ற அப்படைப்பின் பெயரே ‘மெட்ராஸ்’ என்பது. அதனை இயற்றியவருக்கு அது பதின்மூன்றாம் சிம்பொனி. அமெரிக்கரான அவர் பெயர் ஹென்றி கோவெல். சென்னையின் பெயரைச் சூட்டினார் என்பதற்காக மட்டும் நினைக்கத்தக்கவர் அல்லர் அவர். ஒரு நூற்றாண்டின் அமெரிக்க இசை எத்திசையில் நடந்ததோ, அத்திசைகளில் பாதிக்கு மேற்பட்டவற்றில் முதற்காலடி அவருடையதாக இருக்கக் காணலாம். ஆயினும் அவருடைய மாணவர்களின் பெயர்கள் உலகறிந்தவை. அவர் பெயரோ அம்மாணவர்களின் வரலாற்றில் ஓர் அடிக்குறிப்பாகச் சுருங்கிவிட்டது.

கோவெல் 1897 மார்ச் 11ஆம் நாள் கலிபோர்னியாவில் மென்லோ பார்க் என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தை அயர்லாந்திலிருந்து குடியேறியவர். தாய் கிளாரிசா டிக்சன் கதைகளும் கட்டுரைகளும் எழுதியவர். கட்டுப்பாடுகளை விரும்பாத உள்ளத்தினர். 1903இல் பெற்றோர் மணமுறிவு கொண்டனர். தாயின் அரவணைப்பில் வளர்ந்த மகன் சான்பிரான்சிஸ்கோவில் சீனரும் ஜப்பானியரும் வாழ்ந்த தெருக்களின் ஒலிகளைத் தன் தாய்மொழியைக் கேட்பது போலவே கேட்டான். சீன நாடகத்தின் தாளக்கருவிகளும், ஜப்பானியச் சிறார் பாடல்களும், தந்தை வழி வந்த ஐரிஷ் மெட்டுகளும் அவனுக்கு ஒரே வீட்டின் அறைகளாயின. ஐரோப்பியச் செவ்விசையே இசை, ஏனையவை வேடிக்கை என்னும் பாகுபாடு அவனுக்குக் கற்பிக்கப்படவே இல்லை. பள்ளிக்கூடம் அதிகம் சென்றிராமையால் விளைந்த நன்மைகளுள் இதனை முதலாவதாகச் சொல்ல வேண்டும்.

1906ஆம் ஆண்டின் பெருநிலநடுக்கம் அந்நகரைச் சிதைத்தது. தாயும் மகனும் உறவினரை அண்டிச் சில ஆண்டுகள் ஊரூராய்த் திரிந்து, பின்னர் மென்லோ பார்க்கிற்கே மீண்டனர். தாய் நோயுற்றார். சிறுவன் மாடு மேய்த்தான்; கோழிக்கூண்டுகளைத் துப்புரவு செய்தான்; குன்றுகளில் காட்டுச் செடிகளைச் சேகரித்து விற்றான். அருகிலிருந்த ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் உளவியல் பேராசிரியர் லூயிஸ் டெர்மன் அவனுடைய அறிவுத்திறனை ஆராய்ந்து வியந்து, 1919இல் வெளிவந்த தம் நூலில் அவனைப் பற்றி எழுதினார். இசைக்கருவி இல்லாத நாட்களில் மனத்துக்குள்ளேயே இசையமைத்து மனத்துக்குள்ளேயே கேட்கும் பழக்கம் சிறுவனுக்கு வாய்த்தது. உழைத்துச் சேர்த்த காசில் பழைய பியானோ ஒன்று வீட்டுக்கு வந்தபோது, மனத்தில் கேட்டவற்றுக்குப் பத்து விரல்கள் போதவில்லை.

அங்கேதான் அவருடைய முதற்புரட்சி தோன்றியது. விரலுக்கொரு சுரம் என்னும் முறையை விடுத்து, உள்ளங்கையாலும் முட்டியாலும் முன்கை முழுவதாலும் அடுத்தடுத்துள்ள கட்டைகளை ஒருசேர அழுத்தினார். எழுந்த ஒலியைச் சுரத்திரள் எனலாம். குறும்பு என்று இதனைக் கருதியவர்கள் அன்று மிகுதி. இன்றும் இல்லாமற் போய்விடவில்லை. அவர்கள் ‘மனோனானின் அலைகள்’ என்னும் சிறிய பியானோ உருப்படியைக் கேட்டல் வேண்டும். ஹால்சியன் என்னும் கடலோரப் பிரம்மஞான சமூகத்தில் வாழ்ந்த ஐரிஷ் கவிஞர் ஜான் வேரியன், அயர்லாந்தின் தொன்மங்களைக் கொண்டு அமைத்த நாடகமொன்றுக்காக 1917இல் பயன்பட்ட இசை அது. வலக்கை பழைய நாட்டுப்பாடல் போன்ற எளிய மெட்டொன்றை இசைக்க, இடமுன்கை கீழ்ச்சுரங்களைத் திரள்திரளாக அழுத்துகிறது. மெட்டு கரையில் நிற்க, அடியில் கடல் புரள்கிறது. சுரத்திரள் அங்கே அலங்காரமன்று, அதுவே கடல். அதை நீக்கினால் எஞ்சுவது ஒரு தாலாட்டு மட்டுமே.

1914இல், பதினேழாம் வயதை எட்டும் தறுவாயில், சான்பிரான்சிஸ்கோவில் அவருடைய முதல் அரங்கேற்றம் நிகழ்ந்தது. அவ்வாண்டிலேயே பெர்க்லியில் இருந்த சார்ல்ஸ் சீகரிடம் மாணவரானார். ஆசிரியர் என்பதற்கு இலக்கணமாகச் சீகரைக் கூறலாம். மரபிலக்கணத்தை முறையாகப் பயிலச் செய்தார். அதே வேளையில், நீ கண்டுபிடித்தவற்றுக்கும் இலக்கணம் வகுத்துக் காட்டு என்று பணித்தார். அதன் விளைவே ‘புதிய இசை வளங்கள்’ என்னும் நூல். 1916 முதல் 1919 வரை எழுதப்பெற்று, 1930இல் அச்சேறியது. வெளிவரப் பதினோராண்டு காத்திருந்தும் காலம் கடந்ததாகாமல், காலத்துக்கு முந்தியதாகவே வந்தது அந்நூல்.

அதன் நடுக்கருத்து தமிழ் இசை அறிந்தோர்க்கு எளிதில் விளங்குவது. ச-ப என்னும் இரு சுரங்களின் அதிர்வு இரண்டுக்கு மூன்று என்னும் விகிதத்தில் அமைவது. அவ்விகிதத்தையே மிக மெதுவாக்கினால், ஒரே கால அளவில் ஒருவர் இரண்டு தட்டும் மற்றவர் மூன்று தட்டும் தட்டுவதாகும். சுருதியும் தாளமும் ஒரே கணக்கின் இருவேறு வேகங்கள் என்பதே கோவெல் கண்டது. அங்கிருந்து அவர் ஐந்துக்கு நான்கு, ஏழுக்கு ஆறு என்று தாள அடுக்குகளைக் கட்டினார். சதுச்ரம், திச்ரம், கண்டம், மிச்ரம் என நடைகளைப் பிரித்தாளும் கருநாடக இசைக்கு இக்கணக்குகள் புதியன அல்ல. ஆனால் அந்நாளைய மேலை இசையில் தாளம் பெரும்பாலும் இரண்டிலும் மூன்றிலும் அடங்கிக் கிடந்தது. இத்தனை நடைகளையும் ஒருவரே ஒருசேர வாசிக்க இயலாது என்பதை உணர்ந்து, தானியங்கிப் பியானோவின் துளைச்சுருளில் அவற்றைப் பதியலாம் என்றும் நூலில் ஒரு குறிப்பு வைத்தார். கான்லன் நன்காரோ என்னும் இளைஞர் அக்குறிப்பைப் பற்றிக்கொண்டு, மெக்சிகோவில் தம் வாழ்நாளையே துளைச்சுருள்களில் செலவிட்டுப் பெரும்புகழ் எய்தினார். விதை ஒருவருடையது, விளைச்சல் மற்றொருவருடையது என்பது கோவெல் வாழ்வில் மீண்டும் மீண்டும் நிகழ்வது.

1923இல் அவர் ஐரோப்பாவுக்குச் சென்றார். லைப்சிக் நகரில் அவர் வாசித்துக்கொண்டிருக்கையில் ஆதரவாளரும் எதிர்ப்பாளரும் மோதிக்கொள்ள, காவலர் வந்து விலக்க வேண்டியதாயிற்று. அவரோ வாசிப்பை நிறுத்தவில்லை. ஹங்கேரியின் பேலா பார்ட்டோக், சுரத்திரள்களைத் தாமும் கையாளலாமா என்று கோவெலிடம் இசைவு கேட்டார். இசைவு கேட்டவர் பெருந்தன்மையர் என்பதில் ஐயமில்லை; அவ்வாறு கேட்குமளவுக்கு அம்முறை ஒருவருடையதாக அறியப்பட்டிருந்தது என்பதும் நோக்கத்தக்கது. 1925இல் ‘பான்ஷீ’ என்னும் உருப்படி பிறந்தது. இறப்பை முன்னறிவித்து ஓலமிடும் ஐரிஷ் தொன்மப் பெண்ணின் பெயர் அது. இதில் வாசிப்பவர் கட்டைகளைத் தொடுவதே இல்லை. ஒருவர் அமர்ந்து மிதியை அழுத்தியிருக்க, மற்றொருவர் பியானோவின் வளைவில் நின்று, உள்ளே உள்ள தந்திகளை விரலாலும் நகத்தாலும் வருடியும் மீட்டியும் ஒலியெழுப்புகிறார். மேலைநாடு தந்திக்கருவி என்பதையே மறந்துவிட்ட ஒரு பெட்டியைத் திறந்து, இதுவும் யாழின் இனமே என்று காட்டியவர் அவர்.

இத்தகைய புகழ் வாய்த்த இளங்கலைஞர் பலர் தம் புகழைப் பேணுவதிலேயே வாழ்வைக் கழிப்பர். கோவெல் 1925இல் புதிய இசைக்கென ஒரு சங்கம் நிறுவினார். 1927இல் ‘நியூ மியூசிக்’ என்னும் காலாண்டிதழைத் தொடங்கினார். கட்டுரைகளைத் தாங்கும் இதழன்று அது. இதழ்தோறும் இசைச்சுவடிகளே வெளியாயின. எந்தப் பதிப்பகமும் ஏற்காத, விற்பனைக்கு வாய்ப்பே இல்லாத படைப்புகளை வெளியிடுவது அதன் கொள்கை. சிற்றிதழ் நடத்தியோர்க்கு எஞ்சியதைச் சொல்லத் தேவையில்லை. கார்ல் ரகிள்ஸின் படைப்பைத் தாங்கி முதலிதழ் வெளிவந்ததும் சந்தாதாரர் பலர் விலகினர். இதழ் நின்றுவிடாமல் காத்தவர் சார்ல்ஸ் ஐவ்ஸ். காப்பீட்டுத் தொழிலில் பொருளீட்டி, எவரும் கேட்டறியாத இசையைத் தனிமையில் எழுதிவந்தவர் அவர். திரைமறைவில் பணம் தந்துகொண்டே இருந்தார். அவருடைய நான்காம் சிம்பொனியின் பகுதி 1929இல் அவ்விதழில் வெளிவந்தது. ஷோன்பெர்க், வெபர்ன் முதலியோரின் படைப்புகளும் அதில் இடம்பெற்றன. பிற்காலத்தில் அமெரிக்காவின் தலைசிறந்த இசைஞர் என ஐவ்ஸ் போற்றப்பட்டமைக்கு அடித்தளம் இட்டவர் கோவெல் எனில் மிகையன்று.

1931ஆம் ஆண்டு கூகன்ஹைம் நல்கை பெற்றுப் பெர்லினுக்குச் சென்றார். உலக மக்களின் இசையைப் பதிவு செய்து ஆராய்ந்த எரிக் வான் ஹார்ன்போஸ்டெலிடம் பயில்வதே நோக்கம். அங்கே ஜாவாவின் ஜோஜானாவிடம் கெமலான் இசையைக் கற்றார். தமிழர்க்கு அணுக்கமான ஆசிரியர் ஒருவரும் அங்கு வாய்த்தார். மேலை இசை பயில அவ்வாண்டு ஜெர்மனி வந்திருந்த சென்னைப் பேராசிரியர் பி. சாம்பமூர்த்தியே அவர். மேலை இசையைக் கற்கச் சென்றவரிடம் மேலைநாட்டவர் ஒருவர் கருநாடக இசையைக் கற்றது இனிய முரண். பின்னாளில் சென்னைப் பல்கலைக்கழக இசைத்துறையின் தூணாக விளங்கி, தென்னிந்திய இசை பற்றிய பாடநூல்களைத் தொகுதி தொகுதியாக எழுதிய சாம்பமூர்த்திக்கு அப்போது வயது முப்பது. கோவெல் அவரினும் நான்காண்டு மூத்தவர். மாணவராய் அமர்வதற்கு வயதோ புகழோ அவருக்குத் தடையாகவில்லை.

அக்காலத்திலேயே லியோன் தெரமின் என்னும் உருசியப் பொறியியலாளரைக் கொண்டு ‘ரிதமிக்கான்’ என்னும் மின்கருவியைச் செய்வித்தார். பதினாறு கட்டைகளுள் முதற்கட்டை ஒரு தட்டு தட்டும் நேரத்தில் பதினாறாவது பதினாறு தட்டும். சுருதியும் அதே விகிதத்தில் உயரும். நூலில் சொன்ன கணக்கு கருவியாக உருவெடுத்தது. அதற்கென ‘ரிதமிக்கானா’ என்னும் படைப்பை 1931இல் எழுதினார். ஆனால் அது அவர் வாழ்நாளில் அரங்கேறவில்லை.

நியூயார்க்கில் ‘நியூ ஸ்கூல்’ என்னும் கல்விக்கூடத்தில் 1930 அளவில் தொடங்கிய அவருடைய ஆசிரியப் பணி, இடையில் நேர்ந்த முறிவு நீங்கலாக, அறுபதுகள் வரை நீண்டது. உலக மக்களின் இசை என்று ஒரு பாடத்தை வகுத்து, ஆப்பிரிக்கத் தாளத்தையும் ஆசியப் பண்களையும் பாக்கின் இசைக்கு ஒப்பான மதிப்புடன் கற்பித்தார். ஜார்ஜ் கெர்ஷ்வின் அவரிடம் சில காலம் பயின்றார். ஜான் கேஜ் பயின்றார். கேஜ் ஷோன்பெர்க்கிடம் செல்ல வேண்டும் என்று வழிகாட்டியவரும் கோவெலே. தந்திகளிடையே திருகாணியும் இரப்பரும் செருகிய கேஜின் பியானோ, ‘பான்ஷீ’யின் வழித்தோன்றல். லூ ஹாரிசன் அவரிடமிருந்தே ஆசிய இசையின் பால் திரும்பினார். தம்மைப் போல எழுதிய மாணவர் ஒருவரையும் கோவெல் உருவாக்கவில்லை. இதனை அவர் குறையாக எண்ணியதாகத் தெரியவில்லை.

1936 மே மாதம் மென்லோ பார்க் வீட்டில் அவர் கைது செய்யப்பட்டார். பதினேழு வயது இளைஞன் ஒருவனோடு கொண்ட தன்பாலுறவு பற்றியது குற்றச்சாட்டு. வழக்கறிஞர் துணையின்றிக் குற்றத்தை ஒப்புக்கொண்டார். ஒப்புக்கொண்டால் நன்னடத்தைக் கண்காணிப்பில் விடுவர் என நம்பினார். நாளேடுகள் கூச்சலிட்டன. அந்நாளைய கலிபோர்னியச் சட்டம் வயது வந்தோரின் தன்பாலுறவையும் கொடுங்குற்றமாகவே எண்ணிற்று. அவர்களைப் பொறுத்தவரை அச்சட்டம் 1975இல்தான் நீக்கப்பட்டது. சிறைக்காலம் பதினைந்து ஆண்டு என வரையறுக்கப்பெற்று, சான் குவென்டின் சிறைக்கு அனுப்பப்பட்டார். இளைஞனின் வயதை நோக்குவோர் கோவெலை முற்றும் குற்றமற்றவர் என்று கூற இயலாது. பதினைந்து ஆண்டு என்னும் தண்டனையை நியாயமென்று கூறுவதும் இயலாது.

நண்பர்களுள் சிலர் விலகினர். அவர்களுள் தலையாயவர் ஐவ்ஸ். யாருடைய இசையை உலகறியச் செய்யக் கோவெல் ஓயாது உழைத்தாரோ, அவரே தொடர்பை அறுத்துக்கொண்டார். மற்றும் சிலர் விலகவில்லை. சிற்றன்னை ஆலிவ் கோவெல் விடுதலைக்காக அலைந்தார். ஜெரால்ட் ஸ்ட்ராங் காலாண்டிதழை ஏற்று, ஓரிதழும் தவறாமல் நடத்த முயன்றார். லூ ஹாரிசன் சிறைக்குச் சென்று ஆசிரியரைக் கண்டுவந்தார்.

சிறையின் சணல் ஆலையில் முதலில் வேலை. பின்னர் கல்விப் பிரிவில் இசை கற்பிக்க இசைவு கிடைத்தது. நூற்றுக்கணக்கான கைதிகளுக்கு அவர் இசை கற்பித்தார். சிறை வாத்தியக்குழுவை நடத்தினார். அறுபதளவு படைப்புகளை எழுதினார். நடனக்கலைஞர் மார்த்தா கிரகாம், ஸ்பெயின் நாட்டு உள்நாட்டுப் போரின் துயரை வைத்து அமைத்த நடனத்துக்கு 1937இல் அவரிடம் இசை வேண்டினார். நடனத்தைக் காண வழியில்லை; அதன் நீளம் தெரியாது. கோவெல் என் செய்தார்? ஒவ்வோர் இசைத்தொடரையும் குறுகியதும் நீண்டதுமாகப் பல அளவில் எழுதி, எதனை வேண்டுமானாலும் எடுத்து எவ்வாறும் இணைக்கலாம் என்னும் வகையில் அனுப்பிவைத்தார். வெளியே நடனத்தை அமைப்போர் தம் அளவுக்கு ஏற்ப அதனைப் பொருத்திக்கொண்டனர். நெகிழ்வடிவம் என்று இசையறிஞர் இதனைப் பெயரிட்டுப் புகழ்வர். சிறையறையில் இருந்த ஒருவர் எண்ணிப் பார்க்கவல்ல ஒரே வடிவம் அது என்பதும் உண்மை.

நான்காண்டு கழிந்து 1940இல் நிபந்தனையின் பேரில் விடுதலையானார். பியானோ கலைஞர் பெர்சி கிரெயிஞ்சர் தம் நியூயார்க் இல்லத்தில் செயலாளராக அவரை அமர்த்திக்கொண்டு ஆதரவளித்தார். 1941இல் நாட்டார் பாடல் ஆய்வாளரான சிட்னி ராபர்ட்சனை மணந்தார். 1942இல் கலிபோர்னிய ஆளுநர் கல்பர்ட் ஓல்சன் மன்னிப்பு வழங்கினார். அதன் பின்னர் ஐவ்ஸும் கதவைத் திறந்தார். கோவெல் அக்கதவின் வழியே ஒன்றும் நிகழாதது போல் உள்ளே நுழைந்தார். 1954இல் ஐவ்ஸ் மறைந்தார். அடுத்த ஆண்டே, கணவனும் மனைவியும் சேர்ந்து எழுதிய ஐவ்ஸ் வாழ்க்கை வரலாறு வெளிவந்தது. அதுவே அவரைப் பற்றிய முதல் முழுநூல். அதில் பழைய மனத்தாங்கலின் நிழல்கூட விழவில்லை.

சிறைக்குப் பிற்பட்ட கோவெல் துணிச்சலை இழந்தார் என்பது திறனாய்வாளர் சிலரின் முடிபு. முன்கையின் முழக்கம் அடங்கி, பழைய அமெரிக்கத் தேவாலயப் பாடல்களின் சாயலில் ‘ஹிம் அண்டு ஃப்யூகிங் டியூன்’ என்னும் வரிசையையும், சிம்பொனிகளையும் எழுதினார். அவற்றுள் சுவை குன்றியனவும் உண்டு. 900க்கு மேல் இயற்றியவரிடம் அது வியப்பன்று. ஆனால் துணிவு குன்றியது என்பதைவிட, அது இடம் மாறியது என்பதே பொருந்தும். அதிர்ச்சி தருவதில் இருந்த நாட்டம் கேட்பதில் திரும்பிற்று.

1956-57இல் ராக்ஃபெல்லர் நிறுவன நல்கையுடன் மனைவியோடு உலகைச் சுற்றினார். ஈரானில் தங்கியதன் பயன் ‘பெர்சியன் செட்’. ஜப்பானின் பயன் ‘ஓங்காக்கு’. சென்னைக்கும் வந்து, கால் நூற்றாண்டுக்கு முன் பெர்லினில் ஏட்டளவில் கற்ற இசையை அதன் சொந்த மண்ணில் கேட்டார். அதன் பயனே தொடக்கத்தில் கூறிய பதின்மூன்றாம் சிம்பொனி. சிறிய வாத்தியக்குழுவோடு தபலாவும் ஜலதரங்கமும் அதில் சேர்கின்றன. சென்னையின் பெயரிட்ட படைப்பில் மிருதங்கம் இல்லாது தபலா வந்தமை தமிழ்ச் செவிக்கு உறுத்தலாம். ஜலதரங்கமோ அவருக்குப் பழைய உறவு. 1934இல் எழுதிய தாளக்கருவி உருப்படியொன்றிலேயே அக்கிண்ணங்களுக்கு இடந்தந்திருந்தார். இராகத்தைச் சிம்பொனிக்குள் பெயர்த்துவைக்க அவர் முயலவில்லை. சேர்ந்து முழங்கும் பல குரல்களின் மேலை இசையை அடக்கி, ஒற்றை மெட்டின் ஓட்டத்துக்கு வழிவிட்டார். விருந்தினராக வந்தவர் வீட்டுக்காரரைப் பேசவிட்டுக் கேட்டிருந்த பண்பு அப்படைப்பில் உண்டு. இந்திய இசையென்று அதனை மயங்குவாரும் இலர். இந்திய இசையைக் கேளாதவர் அதனை எழுதியிருக்கவும் இயலாது.

1959இல் தாமஸ் ஷெர்மன் தம் ‘லிட்டில் ஆர்க்கெஸ்ட்ரா’ குழுவோடு ஆசியப் பயணம் வந்தபோது சென்னையில் அரங்கேறியது. தமிழகத்தில் பின்னர் அது எடுத்துப் பேசப்படவில்லை. சாம்பமூர்த்தியின் மாணவர் வரிசையில் இப்படி ஒருவர் இருந்தார் என்பதும் மறக்கப்பட்டது.

இறுதி ஆண்டுகளில் நோய் வருத்தியபோதும் எழுதுவதை அவர் விடவில்லை. ஜப்பானியக் கோத்தோ யாழுக்கு இரண்டு கச்சேரி உருப்படிகளை எழுதினார். இருபது சிம்பொனிகள் முற்றுப்பெற்றன. இருபத்தொன்றாவது கைப்படியாகவே நின்றது. 1965 டிசம்பர் 10ஆம் நாள் நியூயார்க் மாநிலத்தில் ஷேடி என்னும் சிற்றூரில் காலமானார்.

ரிதமிக்கானுக்கென எழுதப்பெற்று நாற்பதாண்டு உறங்கிய ‘ரிதமிக்கானா’ 1971இல் முதன்முறையாக ஒலித்தது. அக்கருவிக்குரிய ஒலிகளைக் கணிப்பொறி எழுப்பிற்று. நிகழ்ந்த இடம் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம். தாயின் மருந்துக்காகச் சிறுவனொருவன் காட்டுச் செடி பறித்து விற்ற குன்றுகளுக்குச் சற்றே தொலைவில்.